பேர் வெட்டிய பாத்திரங்கள்

நான் ஓவியம் படித்தவள். ஆனால் சில வருஷமாக நான் செய்துவரும் வேலையில் தூரிகைக்கு இடம் குறைவு. மூணாறைச் சுற்றியுள்ள தேயிலை எஸ்டேட் லயங்களில், தோட்டத் தொழிலாளர் வீடுகளில் புழங்கும் பொருள்கள்மேல் மெல்லிய தாளை விரித்து, மெழுகோ மையோ கொண்டு படியெடுக்கிறேன். எவர்சில்வர் குடம், தேயிலைச் செடியை வெட்டிவிடும் கவாத்துக் கத்தி, அம்மிக்கல், கொழுந்துக் கூடை, தூக்குவாளி. பொருள் அந்த வீட்டிலேயே இருக்கும். அதன் தடம் என்னோடு வரும். ஊரையும் வீட்டையும் வைத்து வேலை செய்ய நினைக்கும் இளைய ஓவியர்கள் இதைப் பற்றிக் கேட்கிறார்கள். எந்தத் தாள், என்ன மை என்று தொடங்கி, ஒருவர் வீட்டுக்குள் எப்படிப் போவது என்பதுவரை கேட்கிறார்கள். எனக்குத் தெரிந்ததை எழுதுகிறேன்.

முதலில் இடத்தைச் சொல்ல வேண்டும். மூணாறு கேரளத்தின் இடுக்கி மாவட்டத்தில் இருக்கிறது. தோட்டத்தில் பேச்சு தமிழ். திருநெல்வேலி, இராமநாதபுரம், மதுரை, தேனிப் பக்கங்களிலிருந்து ஆள் சேர்க்கும் கங்காணிகள் கூட்டிவந்த குடும்பங்கள் தலைமுறை தலைமுறையாக இங்கே கொழுந்தெடுக்கின்றன. 1956 நவம்பர் 1 அன்று மாநில எல்லைகள் மாறியபோது கன்னியாகுமரிப் பக்கத்துத் தாலுகாக்களும் செங்கோட்டையும் சென்னை மாநிலத்தோடு சேர்ந்தன. மூணாறு அடங்கிய தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்தில் நின்றுவிட்டன. ரேஷன் கார்டு மலையாளத்தில், பள்ளிக்கூடம் தமிழில் என்று வளர்ந்தவர்கள் நாங்கள்.

வீடு என்பது லயம். ஒரே கூரைக்கடியில் வரிசையாக ஒட்டிக்கொண்டிருக்கும் வீடுகள். ஒரு அறை, ஒரு அடுப்படி, முன்னால் கொஞ்சம் வராந்தா. வீடு கம்பெனிக்குச் சொந்தம், வேலை இருக்கும்வரை நமக்கு. ஓய்வுபெற்றால், பிள்ளைகளில் யாராவது தோட்டத்தில் பேர் பதிந்திருந்தாலொழிய, வீட்டை ஒப்படைத்துவிட்டு மலை இறங்க வேண்டும். வெள்ளைக்காரன் காலத்திலிருந்து தோட்டங்களில் இருந்துவரும் ஏற்பாடு இது. பிறந்தது, சடங்கானது, தாலி கட்டியது, பிள்ளை பெற்றது எல்லாம் ஒரு வீட்டில். கடைசியில் அந்தக் கதவை இன்னொருவர் திறந்துகொள்வார்.

அப்பா ஓய்வுபெற்றபோது எங்கள் வீட்டிலும் அதுதான். தாத்தாவின் ஊர் சங்கரன்கோவில் பக்கம். அங்கே ஒரு வாடகை வீட்டைப் பார்த்துவிட்டு வந்து, லாரி வாடகை கட்டுப்படியாகாது என்று ஜீப்பில் ஏற்ற முடிந்ததை மட்டும் ஏற்றினார்கள். கட்டில் பக்கத்து வீட்டுக்குப் போனது. அம்மிக்கல் அடுப்படியிலேயே கிடந்தது. பாத்திரங்கள் மட்டும் ஒன்று விடாமல் வந்தன, அடியில் ஓட்டை விழுந்த பித்தளைக் குடம் உட்பட. அதை ஏன் சுமந்து வந்தாய் என்று கேட்டேன். அம்மா குடத்தின் கழுத்தைத் திருப்பிக் காட்டினாள். அவளுடைய சடங்குக்குத் தாய்மாமன் எடுத்துக் கொடுத்தது. பேர், தேதி, எஸ்டேட்டில் எந்தப் பிரிவு என்று சொல்லும் டிவிஷன், லயத்து நம்பர் எல்லாம் உளியால் புள்ளி புள்ளியாக வெட்டியிருந்தது. "இதுவும் இல்லேன்னா நான் அங்கன இருந்தேன்னு என்னத்த வச்சு சொல்ல?" என்றாள். என் வேலை அந்தக் கேள்வியிலிருந்து வந்தது.

இப்படிப்பட்ட வேலைக்கு இறங்கும் ஓவியர்கள் பெரும்பாலும் முதலில் பொருள்களைச் சேர்க்கத் தொடங்குகிறார்கள். ஒரு பழைய இரும்புப் பெட்டி, ஒரு உரல், ஒரு அரிக்கேன் விளக்கு. அதில் தவறில்லை, பொருளுக்கு உரியவர் கூட இருந்தால். பெய்ஜிங்கைச் சேர்ந்த சோங் தோங் 2005-இல் தன் அம்மா பல பத்தாண்டுகளாகத் தூக்கியெறியாமல் வைத்திருந்த பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட சாமான்களைக் கண்காட்சியாகப் பரப்பினார். சோப்புக் கட்டி, பற்பசைக் குழாய், செருப்பு, துணித் துண்டு எல்லாம் அதில் இருந்தன. அந்த வேலையில் எனக்குப் பெரியதாகத் தெரிவது, அவற்றைப் பிரித்து அடுக்குவதில் அந்த அம்மாவே மகனோடு நின்றார் என்பது. லயத்தில் நிலைமை வேறு. இங்கே பொருள்கள் இன்னும் வேலை செய்துகொண்டிருக்கின்றன. குடம் இல்லாவிட்டால் தண்ணீர் பிடிக்க முடியாது. கத்தியைக் கொடுத்துவிட்டால் மறுநாள் கவாத்துக்கு என்ன செய்வது? மூணாறு ரிசார்ட்டுகளில் பழைய கொழுந்துக் கூடையை வார்னிஷ் அடித்துச் சுவரில் மாட்டியிருப்பதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரியும். அந்தக் கூடையின் கயிறு யாருடைய நெற்றியில் அழுந்தியது என்று அங்கே சொல்ல ஒருவரும் இல்லை.

வழி காட்டியது இன்னொருவரின் வேலை. கொரியாவில் பிறந்த டோ ஹோ சு, நியூயார்க்கில் தான் பல வருஷம் குடியிருந்த வாடகை வீட்டின் சுவர், கதவு, சுவிட்ச், குழாய் எல்லாவற்றையும் தாளால் மூடி, வண்ணப் பென்சிலால் தேய்த்துப் படியெடுத்தார். அந்தப் படங்களைப் பார்த்தபோது அம்மாவின் குடம்தான் நினைவுக்கு வந்தது. தேய்த்துப் படியெடுப்பது நமக்குப் புதிதா என்ன? கல்வெட்டுக்காரர்கள் கோயில் சுவர்களில் நூறு வருஷத்துக்கும் மேலாகச் செய்துவருகிறார்கள். 1886-இல் சென்னை மாகாணத்துக்குக் கல்வெட்டாய்வாளராக வந்த ஹுல்ட்ஸ் தொடங்கி இன்றுவரை, தமிழ்நாட்டு வரலாற்றில் பெரும்பகுதி ஈரத்தாளில் எடுத்த மைப்படிகள் வழியாகத்தான் படிக்கப்பட்டது. அரசர்களின் தானத்துக்கு எடுத்த படியைத் தாய்மாமன் சீருக்கும் எடுக்கலாம் என்பதுதான் என் எண்ணம்.

பாத்திரத்தில் பேர் வெட்டுவதைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். லயத்தில் ஒரு விசேஷம் என்றால் அண்டா, குடம், தாம்பாளம், கரண்டி எல்லாம் பத்து வீட்டிலிருந்து வந்து ஒன்றாகச் சேரும். முடிந்த பிறகு பிரித்துக் கொடுக்கும்போது சண்டை வராமலிருக்கப் பேர் வேண்டும். ஒரே பேரில் இரண்டு பேர் இருப்பதால் டிவிஷன் வேண்டும், லயத்து நம்பர் வேண்டும். அப்படித்தான் மலையில் பாத்திரங்களுக்கு முகவரி வந்தது. கீழ்நாட்டில் என் சித்தி வீட்டுப் பாத்திரங்களில் இவ்வளவு விவரம் இல்லை. அங்கே பேரோ தலையெழுத்தோ போதும்.

இரண்டாவது, எழுத்து. போடியிலோ தேனியிலோ வாங்கிய பாத்திரத்தில் தமிழில் வெட்டியிருக்கும். அடிமாலியில் வாங்கியதில் மலையாளத்தில். ஒரே வீட்டில், ஒரே பெண்ணின் பேர், அக்காவின் கல்யாணத்தில் தமிழிலும் தங்கையின் கல்யாணத்தில் மலையாளத்திலும் இருப்பதைப் பார்த்திருக்கிறேன். எந்த வருஷம் எந்தப் பக்கம் பஸ் ஏறி இறங்கினார்கள் என்பது அதிலேயே தெரியும். மலையாளம் படிக்கத் தெரியாத ஒரு பாட்டி, தன் பேர் எழுதிய சம்புடத்தைக் கீறலின் நீளத்தை வைத்து அடையாளம் சொன்னார். எழுத்து வெட்டக் காசில்லாதவர்கள் அடியில் இனாமல் பெயின்ட்டில் பொட்டு வைத்தார்கள். சிவப்புப் பொட்டு ஒரு வீடு, பச்சை இரட்டைப் பொட்டு இன்னொரு வீடு. பொட்டுகள் தேய்ப்பில் விழாது. அவற்றைப் பக்கத்திலேயே அதே நிறத்தில் கையால் வரைந்து குறித்துவைக்கிறேன்.

இனி தொழில். வளைந்த எவர்சில்வரில் படியெடுக்க பட்டர் பேப்பர் வேண்டாம். விறைப்பாக நின்று மடிப்பில் கிழியும். நாரோட்டம் நீளமாக உள்ள மெல்லிய தாள்தான் பாத்திரத்தின் வளைவோடு ஒட்டும். நேபாளத்து லோக்தா தாளும் ஜப்பானிய மல்பெரித் தாளும் நன்றாக உழைக்கின்றன. விலை அதிகம் என்றால் உள்ளூர்க் கைத்தாள் செய்பவரிடம் மிக மெல்லியதாகக் கேட்டு வாங்குங்கள். தாளை நனைக்காமல் குடத்தின் கழுத்தில் சுற்றி, பின்பக்கம் பெயின்டர் டேப்பால் பிடிக்க வேண்டும். செலோடேப் வேண்டாம், எடுக்கும்போது தாளையும் கொண்டுபோகும். தேய்ப்பதற்கு முன் எழுத்துக்கு மேல் விரல் நுனியால் ஒருமுறை தடவுங்கள். எங்கே ஆழம், எங்கே மேலோட்டம் என்று விரல் சொல்லிவிடும்.

பென்சில் மலையில் உதவாது. ஜூன் முதல் செப்டம்பர்வரை காற்றே நனைந்திருக்கும். தாள் தொய்ந்து, பென்சில் நுனி குத்திக் கிழிக்கும். மெழுகுக் கட்டி நல்லது. நானே செய்துகொள்கிறேன். தேன்மெழுகை நேரடி நெருப்பில் வைக்காமல், கொதிக்கும் தண்ணீர்ப் பாத்திரத்துக்குள் இன்னொரு டப்பாவை வைத்து உருக்க வேண்டும். நெருப்பில் நேரே வைத்தால் தீப்பிடிக்கும். உருகியதும் விளக்குக் கரியைச் சலித்துக் கலந்து, சின்னச் சின்ன அச்சில் ஊற்றி ஆறவிடுவேன். கையில் ஒட்டாமல் தாளில் கறுப்பு ஏறினால் பதம் சரி. கரி குறைந்தால் சாம்பல் நிறமாக வரும், கூடினால் விரலெல்லாம் அப்பும். சில வீடுகளில் விறகடுப்புக்கு மேலே படிந்த புகைக்கரியையே சுரண்டிக் கொடுத்தார்கள். அந்த வீட்டுக் குடத்தை அந்த வீட்டுக் கரியாலேயே எடுத்தேன்.

உளியால் கையில் வெட்டிய எழுத்து புள்ளி புள்ளியாகத் தெளிவாக விழும். பிற்காலத்தில் மெஷினால் எழுதியது மெல்லிய நெளிகோடு. கட்டியால் தேய்த்தால் காணாமல் போகும். அதற்கு மெழுகைப் பஞ்சில் தேய்த்துக்கொண்டு, பஞ்சைத் தாள்மேல் வட்டமாக ஓட்ட வேண்டும். பொறுமை வேண்டிய வேலை. ஆனால் பொதுவாக 1990-க்குப் பிந்திய பேர்கள் அப்படித்தான் இருக்கின்றன. அவற்றை விட்டுவிட்டால் என் வயதுப் பெண்கள் யாருமே இந்தத் தொகுப்பில் இருக்க மாட்டார்கள்.

கவாத்துக் கத்தி வேறு கணக்கு. அலகை நான் எடுப்பதில்லை. மரப்பிடிதான் முக்கியம். வருஷக்கணக்காக ஒரே கை பிடித்துப் பிடித்து, கட்டைவிரல் அழுந்தும் இடத்தில் பள்ளம் விழுந்திருக்கும். தாளைப் பிடியைச் சுற்றி உருட்டித் தேய்த்துப் பிறகு விரித்தால், பள்ளம் வெள்ளையாகவும் மேடு கறுப்பாகவும் வரும். பலருடைய பிடிகளை வரிசையாக வைத்துப் பார்த்தபோது ஒன்றில் மட்டும் வெள்ளை எதிர்ப்பக்கம் விழுந்திருந்தது. அந்த மாமா இடக்கைக்காரர். கவாத்து அணியில் அவரை எப்போதும் வரிசையின் ஓரத்தில் நிறுத்துவார்களாம், அடுத்த ஆள் மேல் கத்தி பட்டுவிடும் என்று. அந்த வெள்ளைப் பள்ளத்தைக் காட்டிக் கேட்ட பிறகுதான் அவர் அதைச் சொன்னார். அதற்கு முன் நான் பலமுறை அவரோடு டீ குடித்திருக்கிறேன், இந்தப் பேச்சே வந்ததில்லை.

அம்மிக்கல்லுக்குக் கல்வெட்டு முறைதான் சரி. கல்லை நன்றாகக் கழுவி, பசை ஏற்றாத கொஞ்சம் தடித்த தாளை நனைத்து விரித்து, நார் பிரஷ்ஷால் தட்டித் தட்டிக் கல்லின் குழிகளுக்குள் இறக்க வேண்டும். காற்றுக்குமிழ் நின்றால் அங்கே படி பொய்யாகிவிடும். தாள் பாதி காய்ந்ததும், துணிப் பொட்டலத்தில் மையைத் தொட்டு லேசாக ஒற்றி ஒற்றி ஏற்றுவது. நினைவிருக்கட்டும், நாளைக்கு அதே கல்லில் தேங்காய் அரைப்பார்கள். கடையில் விற்கும் அச்சு மையைக் கொண்டுபோகாதீர்கள். விளக்குக் கரியும் கருவேலம் பிசினும் கலந்த மை போதும். கசிந்தாலும் ஒரு கழுவலில் போய்விடும். மூணாற்றின் ஈரத்தில் தாள் காய நேரமாகும் என்பதால் சமையல் முடிந்த மதியத்தில் தொடங்க வேண்டும். இல்லையென்றால் ராத்திரிச் சட்னி உங்களால் நிற்கும்.

கூடையைத் தேய்க்க முடியாது. ஈற்றை என்னும் மெல்லிய மூங்கிலில் பின்னிய பழைய கூடைகள் நொறுங்கிப்போயிருக்கும். இடுப்பில் கட்டும் படங்கும் அப்படி, பிளாஸ்டிக் தாளில் தேய்க்க என்ன இருக்கிறது? இவற்றுக்கு நிழலைப் பிடிக்கும் சயனோடைப் முறையைக் கையாள்கிறேன். ஜான் ஹெர்ஷல் 1842-இல் கண்டுபிடித்தது. நூறு மில்லி தண்ணீரில் 25 கிராம் ஃபெரிக் அமோனியம் சிட்ரேட், இன்னொரு நூறு மில்லியில் 10 கிராம் பொட்டாசியம் ஃபெரிசயனைடு. இரண்டையும் தனித்தனிப் புட்டிகளில் வைத்து, தேவைப்படும்போது சம அளவு கலந்து, மங்கிய வெளிச்சத்தில் தாளில் பூசிக் காயவைக்க வேண்டும். அதன்மேல் கூடையை வைத்து வெயிலில் காட்டிப் பிறகு தண்ணீரில் கழுவினால், வெயில் பட்ட இடம் நீலமாகவும் பின்னல் நின்ற இடம் வெள்ளையாகவும் நிற்கும். கையுறை போட்டுக்கொள்ளுங்கள். சமையல் பாத்திரத்தில் கலக்காதீர்கள்.

உச்சி வெயிலில் கால் மணி நேரத்தில் முடிகிற வேலை, மூடுபனியில் மணிக்கணக்காகும். அது குறையாகத் தோன்றலாம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. பனிக்குள் எடுத்த படியில் ஓரம் கூர்மையாக இருக்காது. கூடை அசையாவிட்டாலும் வெளிச்சம் எல்லாப் பக்கமிருந்தும் வருவதால் நிழலின் கரை கரைந்துபோகும். கூடையின் உருவத்தோடு அன்றைய மலை வெளிச்சமும் தாளில் பதிந்திருக்கும். கழுவுகிற தண்ணீரைக் கவனியுங்கள். காரத்தன்மை இந்த நீலத்தைத் தின்னும். சங்கரன்கோவில் போர் தண்ணீரில் கழுவியபோது வெளிறியது, அதே தாள் மலை ஓடையில் அழுத்தமாக நின்றது. கீழே வேலை செய்பவர்கள் கழுவும் தண்ணீரில் சில துளி எலுமிச்சைச் சாறு விட்டுக்கொள்ளலாம்.

பிறகு தேயிலை. நீலப் படியைச் சலவை சோடாக் கரைசலில் சில நொடி நனைத்தால் நீலம் வெளுத்து மஞ்சளாகும். உடனே நன்றாகக் கழுவி, ஆறிய கட்டிச் சாயத்தில் ஊறப் போட்டால், தேயிலையின் துவர்ப்பு தாளிலுள்ள இரும்போடு சேர்ந்து கருமையாக மாறும். தாளின் வெள்ளை இடங்கள் பழுப்பேறும். எங்கள் அம்மா தலைமுறை எடுத்த கொழுந்திலிருந்து வந்த தூளாலேயே அவர்கள் சுமந்த கூடையின் நிழலைக் கறுப்பாக்குகிறேன். இதற்கு விலை கூடிய இலைத்தூள் தேவையில்லை, சாதாரண டஸ்ட் டீ போதும், சாயம் சீக்கிரம் இறங்கும். ஒரு எச்சரிக்கை: சோடாவில் அதிக நேரம் விட்டால் படமே போய்விடும். முதலில் துண்டுத் தாளில் செய்து பாருங்கள்.

இவ்வளவும் கையின் வேலை. இதைவிடக் கடினமானது வீட்டுக்குள் போவது. நான் அங்கேயே பிறந்தவள் என்பதால் கதவு திறக்கும். ஆனாலும் பேச்சு தானாகத் திறப்பதில்லை. "வீட்டுல பழைய சாமான் ஏதும் இருக்கா?" என்று கேட்டால், "எல்லாம் தூக்கிப் போட்டாச்சு பாப்பா" என்றோ, ஷோகேஸில் வைத்திருக்கும் கண்ணாடி செட்டையோதான் காட்டுவார்கள். பழசு என்றால் அவர்களுக்கு இல்லாமை. அதைக் காட்டச் சொல்வது அவமானப்படுத்துவதாகிவிடும். யார் பயன்படுத்தினார்கள் என்று கேட்டால் பேச்சு வேறு திசையில் போகும். ஒரு பாட்டியிடம், விறகுக்கு மேலே தொங்கிய கூடையைக் காட்டி, "இதை யாரு பாட்டி தூக்குனா?" என்றேன்.

"எங்க மாமியா தூக்குனா. அவ போன பெறகு நானு. இப்ப யாரு கூடைய தூக்குறா, எல்லாம் சாக்குதான. கயித்த மட்டும் நான் மாத்துனேன். அவ கயிறு எனக்கு நெத்தியில அறுக்கும். அவளுக்குப் பெரிய தல."

சொல்லிக்கொண்டே எழுந்து கூடையை இறக்கி, கயிற்றைத் தலையில் மாட்டிக்கொண்டு, உடம்பை முன்னால் சாய்த்து நின்று காட்டினார். கயிற்றில் பழைய முடிச்சு ஒன்று, புது முடிச்சு ஒன்று. மாமியார் முடிச்சை அவிழ்க்காமல், அதற்குக் கீழேயே தன் அளவுக்கு இன்னொன்று போட்டிருக்கிறார். நான் எடுத்த படியில் நடுவில் இருப்பது அந்த இரண்டு முடிச்சுகள்தான்.

ஆகவே என் பரிந்துரை: யார் தூக்கியது, மழைக்கு எங்கே வைப்பீர்கள், எதை மாற்றினீர்கள், ஏன் மாற்றவில்லை. இந்த நாலு கேள்விக்கும் பதில் சொல்லும்போது கை பொருளைத் தொடும். கை தொட்டால் கதை வரும். செல்போனில் பதிவு செய்வதை நான் கடைசியில்தான் தொடங்குகிறேன், கேட்டுவிட்டு. பதிந்ததை அங்கேயே போட்டுக் காட்டி, வேண்டாம் என்று சொல்வதை அவர்கள் முன்னாலேயே அழிக்கிறேன். கொழுந்து மும்முரமாக வரும் மாதங்களில் வேலை நாளில் போகாதீர்கள். கூடுதல் கிலோவுக்குக் காசு உண்டு, அந்த நேரத்தைப் பிடுங்குவது நியாயமில்லை. ஞாயிற்றுக்கிழமை, சர்ச்சுக்கோ கோயிலுக்கோ போய்வந்து, துணி துவைத்து முடித்த பிறகு உட்காருவார்கள். பொருளுக்கு விலை பேசாதீர்கள். பேசிவிட்டால் அடுத்த வீட்டில் எல்லாம் விலையாகவே தெரியும்.

ஒவ்வொரு படியையும் இரண்டாக எடுக்கிறேன். ஒன்று வீட்டுக்காரருக்கு. இதில் விதிவிலக்கே வைத்துக்கொள்ளவில்லை. ஓய்வுபெற்று இறங்கும் குடும்பங்கள் அம்மியைத் தூக்கிப்போக முடியாது, சுருட்டிய தாளைத் தூக்கிப்போகலாம். ராஜபாளையத்துக்கும் கோவில்பட்டிக்கும் போனவர்கள் வீட்டில் சட்டமிட்ட அம்மிப் படி மாட்டியிருக்கிறது. கேட்பவர்களுக்கு அது என்ன என்று அவர்கள் விளக்கும் சந்தோஷம் எனக்கு எந்தக் காட்சிக்கூடத்திலும் கிடைத்ததில்லை.

தாளைக் காப்பதும் பெரும்பாடு. லயத்துச் சுவரில் பூஞ்சை வருவதுபோலவே தாளிலும் வரும். செய்தித்தாளுக்கு நடுவே வைக்காதீர்கள், அதன் அமிலம் ஏறிப் பழுத்துவிடும். அமிலமில்லாத தாளை இடையிட்டு, தட்டையான பெட்டியில் சிலிக்கா ஜெல் பொட்டலங்களோடு வையுங்கள். ஜெல் ஈரம் குடித்துவிட்டால் சூடாக்கி மீண்டும் பயன்படுத்தலாம். நீலப் படி வெளிச்சத்தில் வெளிறினால் பயப்பட வேண்டாம். இருட்டில் காற்றோட்டமாகக் கொஞ்ச நாள் வைத்தால் பெரும்பாலும் நிறம் திரும்பும்.

எடுக்காமல் விடுவதையும் சொல்ல வேண்டும். 2020 ஆகஸ்ட் 6 இரவு மூணாறை அடுத்த பெட்டிமுடியில் மண் சரிந்து லயங்கள் மூடின. எழுபது பேர் போனார்கள், நாலு பேர் உடல் கிடைக்கவே இல்லை. அந்தச் சரிவைப் பற்றி வேலை செய்யவில்லையா என்று வெளியூர்க் கலைஞர்கள் கேட்பதுண்டு. மண்ணிலிருந்து வந்த பொருள் எதையும் நான் தொடுவதில்லை. அதைத் தரவும் மறுக்கவும் உரியவர்களே மண்ணுக்குள் போன பிறகு, நான் யாரிடம் கேட்பது? எஞ்சிய உறவுக்காரர் யாராவது தானாகக் கொண்டுவந்து, இதை எடுத்துக் கொடு என்று சொன்னால் எடுத்து அவர் கையிலேயே கொடுப்பேன், அது காட்சிக்குப் போகாது.

காட்சியைப் பற்றி. கொச்சி-முசிரிஸ் பினாலே என்னும் பெரிய கலைக் கண்காட்சி 2012 டிசம்பர் 12-இல் தொடங்கியபோது மலையாள நண்பர்களோடு போனேன். ஃபோர்ட் கொச்சியின் ஆஸ்பின்வால் ஹவுஸ் கிடங்குகளுக்குள் நடந்தபோது மனம் கலை பார்ப்பதில் முழுதாக நிற்கவில்லை. மிளகு, இஞ்சி, கயிறு, பிறகு தேயிலை என்று வியாபாரம் நடந்த கட்டடம் அது. எங்கள் மலையின் தேயிலை ஒரு காலத்தில் எதிர்ப்பக்கம், தமிழ்நாட்டுப் பக்கம் இறங்கியது. மலைமேலுள்ள டாப் ஸ்டேஷனிலிருந்து கம்பிவடத்தில் அடிவாரத்துக் கொட்டகுடிக்கு, அங்கிருந்து போடிக்கு. குண்டளை வழியாக ஓடிய சின்ன ரயிலை 1924 வெள்ளம் கொண்டுபோனது. கொல்லம் ஆண்டு 1099 என்பதால் கிழவர்கள் அதைத் தொண்ணூத்தொம்பது வெள்ளம் என்பார்கள். பின்னாளில் தேயிலை கொச்சிக்கே வந்தது, அங்கே 1947-இலிருந்து ஏலம் நடக்கிறது. தூள் கடல் தாண்டியது, எடுத்த கைகள் மலையில் நின்றன. ஆகவே முதல் காட்சி மலையில்தான் என்று முடிவு செய்தேன். டிவிஷனிலுள்ள கூடத்தில், துணிக்கொடி கட்டி, கிளிப்பில் மாட்டினோம். கீழே எழுதியவை அவர்கள் சொன்ன வார்த்தைகள் மட்டும், தமிழிலும் மலையாளத்திலும். பேர் போட வேண்டுமா என்று ஒவ்வொருவரிடமும் கேட்டேன். பாத்திரத்திலேயே பேர் இருக்கே என்று சிரித்தார்கள். ஆனால் சிலர் வேண்டாம் என்றார்கள், அந்தப் படிகளில் பேர் வரும் இடத்தை மறைத்தே மாட்டினேன். கூட்டத்தில் ஒரு பெண் இன்னொரு வீட்டு அண்டாவின் படியைப் பார்த்து, "இது எங்க அம்மா கொடுத்ததுல்ல" என்று தொடங்கி, இரண்டு குடும்பத்துக்கு நடுவே பேச்சுவார்த்தை அறுந்துபோன பழைய கதையைச் சொன்னார். மறுவாரம் அந்த இரண்டு வீட்டுக்காரரும் சேர்ந்து வந்து அந்தப் படியின் நகல் கேட்டார்கள்.

அடுத்தது பீர்மேடு. 2000-ஐ ஒட்டி அங்கே மூடப்பட்ட தோட்டங்களில் லயங்கள் ஒவ்வொன்றாகச் சாய்கின்றன. சில வீடுகளில் இன்னும் ஆள் இருக்கிறார்கள், சிலவற்றில் சுவர் மட்டும். அங்கே பொருள் என்றால் கதவுச் சட்டம்தான்: பிள்ளைகளின் உயரத்தைக் கத்தியால் கீறிய கோடுகள், தாழ்ப்பாள் தேய்த்த அரைவட்டம், படம் மாட்டிய ஆணித் துளைகள். இதற்கு நீளமான தாள் சுருள் வேண்டும், ஒட்டுப்போட்டால் கோடு முறியும். கூரை இல்லாத வீடுகளுக்குள் தனியாகப் போகக் கூடாது. அங்கேயே குடியிருக்கும் ஒரு அண்ணன் கூட வருவதாகச் சொல்லியிருக்கிறார், எந்தச் சுவர் தாங்கும் என்று அவருக்குத் தெரியும். மே மாதத்துக்குள் எடுத்து முடிக்க வேண்டும். ஜூன் மழை பிடித்துவிட்டால் மண்சுவரில் டேப் நிற்காது, மெழுகும் ஏறாது.